சேற்றுத் தொட்டியும் மேலிடமும்

"பிரசாரப் படம்" எண்டு ஒரு சொல்லிலை கதையை முடிக்கிறது லேசு. சீனாவின் 'சுவாங்யே' (முன்னோடிகள்) படத்துக்கும் இதுதான் நடக்கிறது. தாச்சிங் எண்ணெய் வயலை உருவாக்கிய தொழிலாளரைப் பற்றிய படம். சரி, பிரசாரம்தான். முதலாளி காரால் இறங்குவதை மெதுவாய்க் காட்டுகிற படமெல்லாம் பிரசாரமில்லையோ?

நாங்கள் கேட்க நினைப்பது வேறை. படத்தின் நாயகனுக்கு மாதிரியாய் இருந்தவர் வாங் ஜின்சி என்ற தொழிலாளி. 1960இல் கிணறு பீறிடப் பார்த்தபோது, கலக்க இயந்திரமில்லாமல், காயப்பட்ட காலோடு சேற்றுத் தொட்டிக்குள் குதித்து உடம்பாலேயே சீமெந்தைக் கலக்கினவர். 1970இல், 47 வயதில், புற்றுநோயால் செத்துப்போனார். படம் அந்த வீரத்தைக் கொண்டாடுகிறது. நல்லது. ஆனால் இயந்திரம் செய்யவேண்டிய வேலைக்கு மனிச உடம்பைக் குடுக்கிறதே இலட்சியமாகிப் போனால், அந்த உடம்புக்கு ஆர் பொறுப்பு?

1975இல் சியாங் சிங் படத்தில் பத்துக் குற்றம் கண்டு தடுத்தார். கதாசிரியர் சாங் தியன்மின் மாவோவுக்குக் கடிதம் எழுதினார். பெரிய பிழையில்லை, வெளியிடலாம் என்று யூலை 25இல் மாவோ எழுதினார். இதை மக்கள் கலையின் வெற்றி எண்டு சில தோழர்கள் சொல்லினம். எங்களுக்கு அப்பிடித் தெரியேல்லை. தொழிலாளியின் படத்தை மறிச்சதும் மேலிடம், விட்டதும் மேலிடம்.

படத்தைக் கட்டாயம் பாருங்கோ. நாயகனை மட்டும் பாராமல், அவனைச் சுற்றி நிக்கிற பெயரில்லாத ஆக்களையும் பாருங்கோ.