குடிசையும் கையெழுத்தும்

அமெரிக்க நாட்டிலே 1840-ஆம் ஆண்டு ஒரு வேடிக்கை நடந்தது. ஜனாதிபதித் தேர்தல். வில்லியம் ஹென்றி ஹாரிசன் என்பவர் வேட்பாளர். வர்ஜீனியாவிலே பெரும் பண்ணை மாளிகையில் பிறந்தவர். தந்தையாரோ அந்நாட்டின் சுதந்திரப் பிரகடனத்திலே கையொப்பமிட்ட பிரமுகர்களுள் ஒருவர். அப்படிப்பட்ட சீமானை மக்கள் முன் எப்படிக் கொண்டுவந்து நிறுத்தினார்கள் தெரியுமா? மரக்கட்டைக் குடிசையிலே வாழும் ஏழை என்று! சக்கரங்களின்மேல் குடிசைகளைக் கட்டி ஊர்வலத்திலே இழுத்துச் சென்றார்கள். ஆரவாரம் விண்ணைப் பிளந்தது. ஹாரிசன் வென்றார், பதவியேற்று ஒரு மாதத்துக்குள் மாண்டும் போனார். அந்தக் குடிசை மட்டும் மாளவில்லை. அன்றிலிருந்து இன்றுவரை, எந்த நாட்டிலே தேர்தல் என்றாலும், வேட்பாளருக்குப் பின்னால் அது உருண்டுகொண்டேதான் வருகிறது.

உண்மையான குடிசையிலே பிறந்தவர்களும் உண்டு, மறுக்கவில்லை. ஆபிரகாம் லிங்கன் 1809-இலே கெண்டகியில் மரக்கட்டை வீட்டிலே பிறந்தார். 1863 ஜனவரி முதல் நாள், கலகம் செய்த மாநிலங்களின் அடிமைகள் விடுதலை பெற்றனர் என்ற பிரகடனத்திலே கையெழுத்திட்டார். அவர் சுடப்பட்டு இறந்ததும் அந்த நாற்காலியிலே அமர்ந்தவர் ஆண்ட்ரூ ஜான்சன். அவரும் ஏழைதான்! தையற்கடையிலே எடுபிடியாகச் சேர்ந்து தொழில் கற்றவர். மணமான பிறகு மனைவியிடம் எழுத்தும் கணக்கும் பயின்றவர். ஊசி பிடித்த அந்தக் கை 1866-இலே என்ன செய்தது? விடுதலை பெற்ற கறுப்பின மக்களுக்குக் குடியுரிமை தரும் மசோதாவைச் செல்லாது என்று திருப்பி அனுப்பியது. இரு சபைகளும் மூன்றில் இரண்டு பங்கு வாக்கால் அவரை மீறித்தான் அதைச் சட்டமாக்கின.

மாறாக, பிராங்க்ளின் ரூஸ்வெல்ட். பரம்பரைச் செல்வர். பசி என்பதைப் புத்தகத்திலே படித்திருப்பார். ஆனால் சங்கம் அமைக்கவும் முதலாளியோடு கூட்டாகப் பேரம் பேசவும் உரிமை தந்த 1935-ஆம் ஆண்டுச் சட்டத்திலே இருப்பது அவர் கையெழுத்து. குறைந்தபட்சக் கூலி மணிக்கு 25 சென்ட் என்று 1938-இலே வகுத்த சட்டத்திலும் அவர் கையெழுத்துதான்.

ரொனால்டு ரீகன் கதையோ இன்னும் சுவையானது. செருப்பு விற்பனையாளர் ஒருவரின் மகன். திரைப்பட நடிகர் சங்கத்தின் தலைவராகவே இருந்தவர். 'நம்மவர்' என்று நம்பி, விமானப் போக்குவரத்துக் கட்டுப்பாட்டாளர் சங்கம் 1980 தேர்தலிலே அவரை ஆதரித்தது. 1981 ஆகஸ்டில் அதே சங்கம் வேலைநிறுத்தம் செய்தது. இரண்டே நாள் கெடு! 11,000 பேருக்கு மேல் வேலை இழந்தார்கள்.

அமெரிக்கக் கதை நமக்கு எதற்கு என்று கேட்பீர்கள். கும்மிடிப்பூண்டி சிப்காட்டுக்கு விடியற்காலை மின்ரயிலில் தொங்கிவரும் தோழர் கேட்கத்தான் வேண்டும். ஜனாதிபதி என்றால் அவருக்கு நாணயத்திலும் தபால் தலையிலும் தெரியும் முகம். அந்த முகத்துக்கும் உருக்காலை உலைக்கும் என்ன உறவு?

உறவு உண்டு. நமது மாவட்டத்திலேயே உண்டு.

திருத்தணி, கும்மிடிப்பூண்டிக்கு வேறு ரயில் பாதைதான். ஆனால் இன்று இரண்டும் ஒரே திருவள்ளூர் மாவட்டம். ஆந்திரம் பிரிந்தபோது அங்கே போய், போராட்டத்தால் மீண்டு, 1960 ஏப்ரல் முதல் நாள் நம்மோடு சேர்ந்த ஊர் அது. அந்தத் திருத்தணியிலே 1888 செப்டம்பர் 5-இலே பிறந்தவர் சர்வபள்ளி இராதாகிருஷ்ணன். ஜமீன் வருவாய்த் துறையிலே சிறு உத்தியோகம் பார்த்தவரின் மகன். உதவித்தொகையிலே படித்து, ஆக்ஸ்போர்டு வரை சென்று தத்துவம் போதித்து, 1962 முதல் 1967 வரை ஜனாதிபதியாக இருந்தார். பிறந்த நாளை ஆசிரியர் தினம் என்று பள்ளிதோறும் கொண்டாடுகிறோம். ஆனால் 1965 செப்டம்பர் 25-ஆம் நாளை நினைப்பவர் யார்? போனஸ் சட்டத்துக்கு அவர் ஒப்புதல் தந்த நாள் அது! இலாபமோ நட்டமோ, நூற்றுக்கு நான்கு தந்தே ஆகவேண்டும் என்றது அச்சட்டம். பின்னர் அது 8.33 ஆயிற்று. தீபாவளிக்கு முன்பு ஆலை வாயிலிலே கூட்டம் போட்டு நாம் கேட்கிறோமே, அந்தக் கேள்விக்குச் சட்டத் தெம்பு தந்த காகிதத்திலே திருத்தணிக்காரரின் கையெழுத்து இருக்கிறது.

ஐந்து ஆண்டுகள் கழிந்தன. அதே செப்டம்பர் 5, 1970-ஆம் ஆண்டு. ஒப்பந்தத் தொழிலாளர் முறைப்படுத்தல், ஒழிப்புச் சட்டத்துக்கு ஒப்புதல் கிடைத்தது. ஒப்பமிட்டவர் வி.வி. கிரி. அன்றைய சென்னை மாகாணத்துப் பெர்காம்பூரிலே பிறந்தவர். அகில இந்திய ரயில்வே ஊழியர் சம்மேளனத்தை உருவாக்கியவர்களுள் ஒருவர், ஏ.ஐ.டி.யு.சி.யின் தலைவராக இருமுறை இருந்தவர். மத்திய தொழிலாளர் அமைச்சரான பின்பும் அந்த மணம் போகவில்லை. வங்கி ஊழியர்களுக்குச் சாதகமான தீர்ப்பிலே சர்க்கார் கைவைத்தது என்பதற்காக 1954-இலே பதவியை உதறி எறிந்தார். எத்தனை அமைச்சர்கள் செய்வார்கள் அதை?

அந்தக் கிரிதான் 1974 மே மாதத்திலும் ஜனாதிபதி மாளிகையிலே இருந்தார். ரயில்வே தொழிலாளர்களின் மாபெரும் வேலைநிறுத்தம் அடக்கப்பட்ட மாதம் அது. ஆயிரக்கணக்கானவர் கைதானார்கள். அவர் வளர்த்த சம்மேளனத்தின் அன்றைய தலைவர் ஜார்ஜ் பெர்னாண்டஸ் சிறையிலே! மாலைபோட்டு மறைத்துவிடக் கூடிய செய்தியா இது?

ஒன்றை நேர்மையாகச் சொல்லிவிட வேண்டும். நம் நாட்டு ஜனாதிபதி அமெரிக்க ஜனாதிபதி அல்லர். அமைச்சரவை சொல்வதைத்தான் செய்யவேண்டும். மசோதா பிடிக்கவில்லையானால் ஒரே ஒரு முறை திருப்பி அனுப்பலாம். நாடாளுமன்றம் மறுபடியும் நிறைவேற்றினால் பேனாவை எடுத்தே ஆகவேண்டும். ஆகவே போனஸ் சட்டத்தின் பெருமை முழுவதும் திருத்தணிக்கு என்றோ, 1974-இன் பழி முழுவதும் கிரிக்கு என்றோ எழுதினால் அது நியாயமாகாது. ஆனால் அந்த ஒரு முறை என்பது அற்பமானதா? நாடே நின்று கேட்கும்படி செய்யக்கூடிய வாய்ப்பு அது.

1970-ஆம் ஆண்டுச் சட்டம் நம்மை வாழவைத்ததா என்றால், அரைகுறையாகத்தான். நிரந்தரத் தன்மையுள்ள வேலையிலே ஒப்பந்த முறையைத் தடைசெய்யச் சர்க்காருக்கு அதிகாரம் தந்தது. தடை வந்தாலும் தொழிலாளி தானாகவே நிரந்தரமாகிவிடமாட்டான் என்று 2001-இலே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆயினும் 20 பேரை வைத்து வேலை வாங்கினாலே ஒப்பந்தக்காரர் உரிமம் பெறவேண்டும், கூலி தவறினால் ஆலை முதலாளி கொடுக்கவேண்டும் என்ற பிடியாவது இருந்தது. ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்து சிப்காட்டிலே இரும்பு உருக்கும் இளைஞனுக்கு அந்தப் பிடிதான் துணை.

இப்போது போனஸ் சட்டமும் இல்லை. ஒப்பந்தத் தொழிலாளர் சட்டமும் இல்லை. 29 சட்டங்களை நான்கு தொகுப்புகளுக்குள் அடக்கி, 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். 8.33 தப்பியது. குறிப்பிட்ட காலத்துக்கு அமர்த்தப்படுவோருக்கு ஓராண்டிலேயே பணிக்கொடை என்பது நல்லதுதான். நல்லதை நல்லது என்போம். ஆனால் 20 என்பது 50 ஆகிவிட்டது. 49 பேரை வைத்திருக்கும் ஒப்பந்தக்காரருக்கு இனி என்ன கவலை?

அந்தத் தொகுப்புகளிலே கையெழுத்திட்டவர் ராம்நாத் கோவிந்த். உத்தரப் பிரதேசத்துப் பரௌங்க் கிராமத்திலே கூரை வீட்டிலே பிறந்தவர். சிறு வயதிலே அந்த வீடு தீப்பற்றியதில் தாயைப் பறிகொடுத்தவர். ஹாரிசனுடையதைப் போலப் பொய்க் குடிசை அல்ல. மெய்க் குடிசை, கண்ணீர்க் குடிசை. 2020 செப்டம்பர் 23-ஆம் நாள், எதிர்க்கட்சி வரிசைகள் புறக்கணிப்பால் வெறுமையாகக் கிடந்த மாநிலங்களவையிலே கடைசி மூன்று தொகுப்புகளும் நிறைவேறின. திருப்பி அனுப்பும் அந்த ஒரு முறை அவர் கையிலே இருந்தது. 28-ஆம் நாள் ஒப்புதல் வந்தது. இடையிலே ஐந்தே நாட்கள்.