மீளாய்வு முடிவுக்குக் காத்திருந்து வழக்கின் காலத்தை இழக்கிறோம்

வன்னியிலிருந்து ஒரு தாய் அண்மையில் என்னிடம் வந்திருந்தார். 2009 இல் கணவரை இழந்தவர். பல்கலைக்கழக இறுதியாண்டில் மகளுக்கு ஒரு பாடம் சித்தியில்லை. மீளாய்வுக்குப் பணம் கட்டி ஏழு மாதங்களாகியும் பதில் இல்லை. அதற்குள் பட்டதாரி நியமனத்துக்கான விண்ணப்பத் திகதியும் கடந்துவிட்டது. "கேள்வி கேட்டால் பிள்ளையைப் பழிவாங்கிப்போடுவினம் தம்பி, அதுதான் பேசாமல் இருந்தனாங்கள்" என்றார்.

எங்கள் சனத்துக்கு இந்தப் பயம் எங்கிருந்து வந்தது என்று நான் விளக்கத் தேவையில்லை. ஆனால் சட்டத்தின் முன் பேசாமல் இருந்தவருக்கே நட்டம்.

அரச பல்கலைக்கழகத்தின் காரணமற்ற தாமதத்தை, சமத்துவத்தைக் கூறும் அரசியலமைப்பின் 12(1) ஆம் உறுப்புரையை மீறும் செயலாக உயர் நீதிமன்றத்தில் வாதிடலாம். அடிப்படை உரிமை மனுவை மீறல் நிகழ்ந்து ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்யவேண்டும். இங்கேதான் சிக்கல். முடிவே வராத விடயத்தில் அந்த ஒரு மாதம் எப்போது தொடங்குகிறது? எழுத்தில் எதுவும் இல்லையென்றால், காலம் கடந்துவிட்டது என்று எதிர்த்தரப்பு சுலபமாகச் சொல்லிவிடும். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், விசாரணை நிலுவையிலுள்ள காலம் கணக்கில் சேராது என்கிறது 1996 இன் 21 ஆம் இலக்கச் சட்டம். யாழ்ப்பாணத்திலும் வவுனியாவிலும் மட்டக்களப்பிலும் அதன் அலுவலகங்கள் உள்ளன. முறைப்பாட்டைக் கொடுத்துவிட்டுச் சும்மா இருப்பது போதாது. விசாரணை உண்மையில் நடக்கிறதா என்றும் நீதிமன்றம் பார்க்கும்.

அடுத்தது எழுத்தாணை மனு. 'முடிவை வெளியிடு' என்று பல்கலைக்கழகத்துக்குக் கட்டளையிடும்படி மேன்முறையீட்டு நீதிமன்றத்தைக் கேட்கலாம். பல்கலைக்கழகங்கள் மாகாண சபையின் கீழ் வராததால் கொழும்புக்குத்தான் போகவேண்டும். பஸ் காசும் சட்டத்தரணியின் கட்டணமும் பலருக்குக் கனவு. இன்னொன்று, புள்ளியைக் கூட்டித்தரும்படி நீதிபதியிடம் கேட்பதில் பயனில்லை. விடைத்தாளின் தரத்தைத் தீர்மானிப்பது பரீட்சகரின் வேலை என்றே நீதிமன்றங்கள் பொதுவாக ஒதுங்கிக்கொள்ளும். தாமதம் அப்படியல்ல, அது நிர்வாகத்தின் தவறு. அதற்கும், முதலில் எழுத்தில் கேட்டீர்களா, மறுத்தார்களா என்பதே நீதிமன்றத்தின் முதல் கேள்வியாக இருக்கும்.

ஆகவே வழக்குக்கு முன்னரே செய்யக்கூடியதும் செலவு குறைந்ததும் 2016 இன் தகவல் அறியும் உரிமைச் சட்டம்தான். விண்ணப்பம் எந்தத் திகதியில் பரீட்சகருக்குப் போனது, இப்போது யாருடைய மேசையில் இருக்கிறது, முடிவு எப்போது என்று பல்கலைக்கழகத் தகவல் அலுவலரிடம் தமிழிலேயே கேட்கலாம். 14 வேலை நாட்களுக்குள் அவர் தீர்மானிக்கவேண்டும். நடக்கும் பரீட்சையின் நம்பகத்தன்மைக்குக் கேடு வரும் என்றால் தகவலை மறுக்கலாம்தான். முடிந்துபோன பரீட்சையின் கோப்பு எங்கே கிடக்கிறது என்று கேட்பதற்கு அந்த விதிவிலக்கைக் காட்டுவது கடினம். மறுத்தால் மேன்முறையீடு உண்டு. எப்படியானாலும் திகதியிட்ட ஒரு கடிதம் கையில் மிஞ்சும்.

அந்தத் தாயிடம் இருந்தது கட்டணச் சிட்டை மட்டும். பதிவாளருக்கான கடிதத்தை அன்றைக்கே எழுதினோம். மகள் கையொப்பமிட்டு, பதிவுத் தபாலில் போட்டு, சிட்டையைப் படமெடுத்து அனுப்பியிருக்கிறாள்.