சில விநாடிகள்தான்... இத்தாலி மண்ணில் காஞ்சிபுரம் வீரர் எடுத்த முடிவு!

பௌர்ணமி கிரிவலக் கூட்டத்தில் கொஞ்சம் கவனித்துப் பாருங்கள். ஒட்ட வெட்டிய முடி, நிமிர்ந்த நடையோடு குடும்பத்தை அழைத்துக்கொண்டு வருகிறவர் ஒருவராவது கண்ணில் படுவார். விசாரித்தால், "மிலிட்டரிங்க... லீவுல வந்திருக்கேன்" என்பார். திருவண்ணாமலையைச் சுற்றி போளூர், ஆரணி, வேலூர் பக்கம் போனால் 'மிலிட்டரிக்காரர் வீடு' என்று அடையாளம் சொல்லாத ஊரைப் பார்ப்பது கஷ்டம்.

இது இன்று நேற்று வந்த பழக்கம் இல்லை. இரண்டாம் உலகப் போரின்போது இந்திய ராணுவத்தில் இருந்தவர்கள் சுமார் 25 லட்சம் பேர். அவர்களில் ஒருவர்தான் சுபேதார் சுப்பிரமணியன். சேத்துப்பட்டு, வந்தவாசி வழியாகப் போனால் வரும் காஞ்சிபுரம் பக்கத்துக் கிராமத்துக்காரர்.

தம்பிகளின் படை

சுப்பிரமணியன் சேர்ந்தது 'மெட்ராஸ் சாப்பர்ஸ்' படைப்பிரிவு. 1780-ல் தொடங்கிய இந்தப் பிரிவின் தலைமையகம் பெங்களூரில் இருக்கிறது. இந்தப் படை வீரர்களை ராணுவத்தில் இன்றும் செல்லமாக 'தம்பி' என்றுதான் கூப்பிடுகிறார்கள்.

பாலம் கட்டுவது, சாலை போடுவது, எதிரி புதைத்த கண்ணிவெடிகளை எடுப்பது, இதெல்லாம் தம்பிகளின் வேலை. மற்ற படைகள் முன்னேற வேண்டுமென்றால், அதற்கு முன்னால் இவர்கள் போயாக வேண்டும்.

மலை மேல் ஒரு மடம்

1944 பிப்ரவரி. இத்தாலியில் ரோம் நகருக்குப் போகும் வழியில் இருக்கிறது மோன்டே கசினோ மலை. நம் ஊரில் மலையடிவாரத்தில் கோயில் என்றால், அங்கே மலை உச்சியில் பழமையான கிறிஸ்துவ மடம். ஜெர்மன் படையிடமிருந்து அந்த மலையைப் பிடிக்க நேச நாட்டுப் படைகள் மாதக்கணக்கில் போராடின. அதில் 4-வது இந்திய டிவிஷனும் இருந்தது. குளிர், மழை, சேறு. மண்ணுக்கு அடியில் எங்கு பார்த்தாலும் கண்ணிவெடி.

பிப்ரவரி 24 அன்று, கசினோவுக்குத் தெற்கே உள்ள மின்யானோ பகுதியில் கண்ணிவெடி அகற்றும் பணியில் சுப்பிரமணியனும் அவருடன் இருந்த வீரர்களும் ஈடுபட்டிருந்தார்கள். அப்போது கண்ணிவெடி ஒன்று தூண்டப்பட்டுவிட்டது.

ஜெர்மானியர்கள் பயன்படுத்திய ஒருவகைக் கண்ணிவெடி, மிதித்த நொடியே வெடிக்காது. சில விநாடிகள் கழித்து இடுப்பு உயரத்துக்கு எம்பி வெடித்து, நூற்றுக்கணக்கான இரும்புக் குண்டுகளைச் சுற்றிலும் சிதறடிக்கும். பக்கத்தில் நிற்கும் யாரும் தப்புவது கடினம். கண்ணிவெடிகளோடு தினமும் பழகும் சாப்பர் வீரருக்கு, அடுத்து என்ன நடக்கும் என்பது நன்றாகவே தெரியும்.

கையில் இருந்தது சில விநாடிகள்தான். தரையோடு படுத்துத் தன்னைக் காப்பாற்றிக்கொள்ள சுப்பிரமணியன் முயன்றிருக்கலாம். ஆனால், அவர் அந்தக் கண்ணிவெடி மேலேயே பாய்ந்து படுத்துவிட்டார். வெடிப்பின் வேகம் முழுவதையும் அவர் உடல் வாங்கிக்கொண்டது. கூட இருந்தவர்கள் பிழைத்தார்கள். சுப்பிரமணியன் அங்கேயே உயிரை விட்டார். அப்போது அவர் முப்பதுகளின் தொடக்கத்தில் இருந்தார்.

ஜார்ஜ் கிராஸ்

அந்தத் தியாகத்துக்காக, மறைவுக்குப் பின் அவருக்கு 'ஜார்ஜ் கிராஸ்' வழங்கப்பட்டது. லண்டன் மீது ஜெர்மன் விமானங்கள் குண்டு வீசிக்கொண்டிருந்த 1940-ல், மன்னர் ஆறாம் ஜார்ஜ் உருவாக்கிய விருது இது. எதிரியோடு நேருக்கு நேர் மோதிக் காட்டும் வீரத்துக்கு விக்டோரியா கிராஸ். அப்படி மோதாத சூழலில் உயிரைப் பணயம் வைக்கும் வீரத்துக்கு ஜார்ஜ் கிராஸ். இரண்டும் சம அந்தஸ்து உள்ளவை. நீல நாடாவில் தொங்கும் வெள்ளிச் சிலுவையில் 'வீரத்துக்காக' என்று ஆங்கிலத்தில் பொறித்திருக்கும்.

போர் வீரம் என்றதும் எத்தனை பேரைச் சுட்டார் என்றுதான் கேட்கத் தோன்றும். சுப்பிரமணியனுக்கு இவ்வளவு பெரிய விருதை வாங்கித் தந்த அந்த விநாடிகளில், அவர் யாரையும் சுடவில்லை. காப்பாற்ற மட்டுமே செய்தார்.

அடுத்த முறை கிரிவலப் பாதையிலோ, ரயில் நிலையத்திலோ, லீவு முடிந்து பையோடு கிளம்பும் ஒரு ராணுவ வீரரைப் பார்த்தால், பக்கத்தில் இருக்கும் பிள்ளைகளிடம் இந்தக் கதையைச் சொல்லுங்கள். இத்தாலி வரை போய்த் திரும்பாத நம் பக்கத்து ஊர்க்காரரின் பெயர் அவர்களுக்கும் தெரியட்டும்!