விருது பெறும் போர்ப் படங்களும் வன்னி மக்களின் வாழ்க்கை வரலாறும்

விருதுகளையும் விவாதங்களையும் ஒருங்கே சந்தித்த அண்மைக்காலத் தமிழ்த் திரைப்படங்களுள் 'அமரன்' குறிப்பிடத்தக்கது. காஷ்மீரின் சோபியான் மாவட்டத்தில் 2014 ஏப்ரல் 25ஆம் திகதி நடைபெற்ற மோதலில் உயிரிழந்த இந்திய இராணுவ அதிகாரி மேஜர் முகுந்த் வரதராஜனின் வாழ்க்கையை அடிப்படையாகக் கொண்ட இப்படம், ராஜ்குமார் பெரியசாமியின் இயக்கத்தில் 2024 ஒக்டோபர் 31ஆம் திகதி வெளியானது. அதே ஆண்டு டிசம்பரில் நடைபெற்ற சென்னை சர்வதேசத் திரைப்பட விழாவில் சிறந்த தமிழ்ப் படம், சிறந்த நடிகை உள்ளிட்ட விருதுகளைப் பெற்றது. 2025 நவம்பரில் கோவாவில் நடைபெற்ற இந்திய சர்வதேசத் திரைப்பட விழாவில் இந்தியன் பனோரமா பிரிவின் தொடக்கப் படமாகத் திரையிடப்பட்டதோடு, தங்க மயில் விருதுக்கான போட்டிப் பிரிவிலும் இடம்பிடித்தது.

அண்டை நாட்டு இராணுவ அதிகாரி ஒருவரைப் பற்றிய படம் பெற்ற கௌரவங்களுக்கும் வன்னிப் பெருநிலப்பரப்புக்கும் என்ன தொடர்பு என்று வாசகர்கள் வினவக்கூடும். தொடர்பு உண்டு. போரில் மடிந்த ஒருவரின் வாழ்க்கை திரைப்படமாகி அது விருதும் பெறும்போது, அந்த வாழ்க்கை வரலாற்றில் ஓர் இடத்தை உறுதி செய்துகொள்கின்றது. அடுத்த தலைமுறை அப்போரை அப்படத்தின் ஊடாகவே அறிந்துகொள்கின்றது. கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா ஆகிய மாவட்டங்களில் மூன்று தசாப்தங்களாகப் போரைச் சுமந்த மக்களின் வாழ்க்கை வரலாறு எந்தத் திரையில், யாருடைய சொற்களில், யாருடைய இசைவுடன் சொல்லப்படப் போகின்றது என்பதே நம்முன் உள்ள வினாவாகும்.

'அமரன்' திரைப்படம் அதிகாரியின் மனைவியின் பார்வையிலிருந்தே கதையைச் சொல்கின்றது. குடும்பத்தினரின் இசைவுடன் எடுக்கப்பட்டமை அதன் பலங்களுள் ஒன்று. ஆயினும் படம் வெளியான சில தினங்களிலேயே, காஷ்மீர் முஸ்லிம்கள் சித்திரிக்கப்பட்ட விதம் குறித்துத் தமிழகத்தில் முஸ்லிம் தரப்பிலிருந்து கண்டனங்கள் எழுந்தன, ஆர்ப்பாட்டங்களும் நடைபெற்றன. ஒரு குடும்பத்தின் துயரை நேர்மையாகக் காட்டும் படத்திலேயே மற்றொரு சமூகம் தன் முகத்தை அடையாளம் காண முடியாமற் போகலாம் என்பதற்கு இது ஓர் உதாரணம்.

இது இந்தியாவுக்கு மட்டும் உரிய சிக்கலன்று. ஈராக் போரில் பங்குபற்றிய அமெரிக்கப் படைவீரர் ஒருவரின் வாழ்க்கையைச் சொன்ன 'அமெரிக்கன் ஸ்னைப்பர்' 2014இல் வெளியாகி ஆறு ஒஸ்கார் பரிந்துரைகளைப் பெற்று, அவற்றுள் ஒன்றை வென்றது. படைவீரரின் மன உளைச்சலை அப்படம் விரிவாகக் காட்டியது. ஈராக்கிய மக்களோ அதில் பெரும்பாலும் துப்பாக்கிக் குறியின் மறுபக்கத்திலேயே நின்றனர். ஒருவரின் வாழ்க்கையை மையமாகக் கொள்ளும் எந்தப் படமும் அவரைச் சூழ இருந்தவர்களைச் சுருக்கியே காட்டும். அவ்வாறு சுருக்கப்பட்டவர்களும் தமது கதையைச் சொல்லும் வாய்ப்பைப் பெற்றால் அநீதி குறையும்; அந்த வாய்ப்பு அவர்களுக்கு இல்லையெனில், விருது பெற்ற படமே இறுதித் தீர்ப்பாகிவிடும்.

இனி வன்னியை நோக்குவோம். மணிரத்னத்தின் 'கன்னத்தில் முத்தமிட்டால்' 2002இல் வெளியானபோது மாங்குளம் என்ற பெயர் தமிழ் பேசும் உலகெங்கும் ஒலித்தது. சிறந்த தமிழ்ப் படம், இசை, பாடல், குழந்தை நட்சத்திரம் உள்ளிட்ட ஆறு இந்திய தேசிய விருதுகள் அதற்குக் கிடைத்தன. ஆனால் அப்படத்தின் மாங்குளம் வன்னி மண்ணில் படமாக்கப்பட்டதன்று. பெற்ற தாயைத் தேடி வரும் சிறுமியின் கண்களால் பார்க்கப்பட்ட மாங்குளம் அது. அங்கேயே வாழ்ந்து, இடம்பெயர்ந்து, மீண்டும் குடியேறிய மக்களின் கண்களால் பார்க்கப்பட்டதன்று.

2015 மே மாதம் கான் திரைப்பட விழாவில் பிரெஞ்சு இயக்குநர் ஜாக் ஓடியாரின் 'தீபன்' அதியுயர் விருதான தங்கப் பனையை வென்றது. இறுதிப் போரின் பின்னர் இலங்கையிலிருந்து தப்பிச் செல்லும் முன்னாள் போராளி ஒருவரும், அவருடன் போலியான குடும்பமாகச் சேரும் ஒரு பெண்ணும் ஒரு சிறுமியுமே அதன் பாத்திரங்கள். பின்னர் பிரான்சின் செசார் விருதுகளுக்கு ஒன்பது பரிந்துரைகளை அது பெற்ற போதிலும் ஒன்றும் கைகூடவில்லை. பிரித்தானியாவின் பப்டா விருதுக்கும் அது பரிந்துரைக்கப்பட்டது. தீபனாக நடித்த எழுத்தாளர் ஷோபாசக்தி என்கின்ற அன்ரனிதாசன் யேசுதாசன், இளவயதில் இயக்கத்தில் இருந்து பின்னர் பிரான்சில் அகதியானவர். அப்பாத்திரத்தில் ஏறத்தாழப் பாதி தனது சொந்த அனுபவம் என்று கூறியவர். வாழ்ந்தவரே நடித்தமை அப்படத்துக்கு உண்மையின் கனத்தைக் கொடுத்தது. எனினும் கதை விரைவிலேயே பாரிஸ் புறநகருக்குச் சென்றுவிடுகின்றது. வன்னி அதன் முகவுரையாக மாத்திரமே எஞ்சுகின்றது.

விசாகேச சந்திரசேகரம் தமிழில் இயக்கிய 'மணல்', 2023இல் ரொட்டர்டாம் சர்வதேசத் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் சிறப்பு விருதைப் பெற்றது. தடுப்பிலிருந்து விடுதலையாகி வரும் இளைஞன், போரில் தொலைந்துபோன தன் காதலியைத் தேடும் கதை அது. போருக்குப் பிந்திய வடபுலத்தின் மௌனத்தை இங்கேயே நின்று பதிவு செய்தது என்ற வகையில் அது பாராட்டுக்குரியது. எனினும் இம்மூன்றும் புனைகதைகளே. வன்னியில் வாழ்ந்து மடிந்த ஒருவரின் பெயரையும் வாழ்வையும் நேரடியாக எடுத்துக்கொண்ட படம் என்ன கதிக்குள்ளானது?

விடுதலைப் புலிகளின் தொலைக்காட்சியில் செய்தி வாசிப்பாளராகப் பணியாற்றிய இசைப்பிரியா 2009 மே மாதம் இறுதிப் போரின்போது கொல்லப்பட்டார். அவர் மோதலில் உயிரிழந்ததாக அரசாங்கத் தரப்பு கூறியது. அவர் உயிருடன் பிடிக்கப்பட்டதைக் காட்டும் காணொளியை பிரித்தானியாவின் சனல் 4 தொலைக்காட்சி 2013 நவம்பரில் ஒளிபரப்பியது. அவரது வாழ்க்கையைத் தழுவித் தமிழகத்தில் எடுக்கப்பட்ட 'போர்க்களத்தில் ஒரு பூ' என்ற படத்துக்கு 2015இல் இந்தியத் தணிக்கைச் சபை சான்றிதழ் வழங்க மறுத்தது. விருதுப் பட்டியலை எட்டுவது இருக்கட்டும், திரையரங்கின் வாசலைக்கூட அதனால் எட்ட முடியவில்லை.

இங்கு இரு விடயங்கள் உள்ளன. இரண்டையும் பிரித்து நோக்குதல் அவசியம். அரச தணிக்கை ஒரு விடயம். ஒரு நாட்டின் இராணுவ அதிகாரியின் வாழ்க்கைக்குத் திரைப்பட விழாவின் தொடக்க அரங்கு கிடைப்பதும், வன்னியில் கொல்லப்பட்ட பெண்ணின் வாழ்க்கைக்குச் சான்றிதழே மறுக்கப்படுவதும், எந்த மரணம் பேசப்படலாம் என்பதை அரசுகளே தீர்மானிக்கின்றன என்பதைக் காட்டுகின்றன. ஆனால் அப்படத்துக்கு எதிராகச் சென்னை உயர் நீதிமன்றத்தை நாடியவர்களுள் இசைப்பிரியாவின் குடும்பத்தினரும் இருந்தனர் என்பதை மறந்துவிடலாகாது. தமது பிள்ளையின் இறுதிக் கணங்கள் மீண்டும் மீண்டும் காட்சிப்பொருளாவதை அவர்கள் விரும்பவில்லை. தணிக்கையை எதிர்ப்போர் பலர் இக்குரலைச் செவிமடுக்கவில்லை. இறந்தவரின் வாழ்க்கை ஓர் இனத்தின் சொத்து என்று கூறி, பெற்ற தாயின் மறுப்பைப் புறந்தள்ளும் உரிமை எந்தக் கலைஞருக்கும் எந்த அரசியல் இயக்கத்துக்கும் இல்லை.

உலகில் நிலைத்து நின்ற வாழ்க்கை வரலாற்றுப் போர்ப் படங்களை நோக்கினால், அவற்றின் அடியில் சாட்சியம் இருப்பதைக் காணலாம். கம்போடியாவின் கெமர் ரூஜ் ஆட்சியில் சிக்கி உயிர் தப்பிய பத்திரிகையாளர் டித் பிரானின் கதையைச் சொன்ன 'த கில்லிங் பீல்ட்ஸ்' 1985இல் மூன்று ஒஸ்கார் விருதுகளை வென்றது. டித் பிரானாக நடித்துச் சிறந்த துணை நடிகருக்கான விருதைப் பெற்ற ஹெயிங் நோர், முன்னர் நடித்தே இராதவர். தாமும் அதே ஆட்சியில் மனைவியை இழந்து உயிர் தப்பிய மருத்துவர். 2002இல் தங்கப் பனையையும் 2003இல் மூன்று ஒஸ்கார் விருதுகளையும் வென்ற 'த பியானிஸ்ட்', போலந்து இசைக் கலைஞர் விளாடிஸ்லாவ் ஷ்பில்மன் போர் முடிந்த மறு ஆண்டே, 1946இல், வெளியிட்ட நினைவு நூலை அடிப்படையாகக் கொண்டது. அவர் அன்றே எழுதி வைத்திராவிடின் அரை நூற்றாண்டின் பின்னர் எடுக்க எந்தப் படமும் இருந்திராது.

வன்னியில் அத்தகைய எழுத்து மிகக் குறைவு. 2009இல் செட்டிக்குளம் மெனிக் பாம் முகாமில் இரண்டு இலட்சத்துக்கும் அதிகமானோர் அடைக்கப்பட்டிருந்தனர். ஒவ்வொருவரிடமும் ஒரு வாழ்க்கை வரலாறு இருந்தது. 1979இல் கொண்டுவரப்பட்ட பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் நிழலில் வாழ்ந்துவந்த மக்கள் அதனை எழுதவோ பேசவோ அஞ்சியது இயல்பே. கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் 2017 பெப்ரவரியில் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவினர்கள் தொடர் போராட்டத்தைத் தொடங்கினர். பிள்ளையின் புகைப்படத்தைக் கையில் ஏந்தி அப்போராட்டத்தில் அமர்ந்த பெற்றோர் பலர் விடை காணாமலேயே மறைந்துவிட்டனர். அவர்களுடன் அவர்களது சாட்சியமும் மறைகின்றது.

இத்துயரம் ஒரு மொழிக்கு மாத்திரம் உரியதன்று என்பதைச் சிங்களத் திரைப்படம் ஒன்று முன்னரே உணர்த்தியிருக்கின்றது. பிரசன்ன விதானகேயின் 'புரஹந்த களுவர' திரைப்படத்தில், போருக்குச் சென்ற மகன் இறந்துவிட்டான் என்பதை நம்ப மறுக்கும் பார்வையற்ற தந்தை, நட்டஈட்டுப் பத்திரத்தில் கையொப்பமிட மறுக்கின்றார். வெளிநாட்டு விழாக்களில் விருது பெற்ற அப்படத்தை 2000ஆம் ஆண்டில் அரசாங்கம் தடை செய்தது. 2001இல் இலங்கை உயர் நீதிமன்றமே அதன் திரையிடலுக்கு வழி செய்தது. மரணச் சான்றிதழை ஏற்க மறுத்துத் தெருவோரத்தில் அமர்ந்த வன்னித் தாய்மாருக்கும் அந்தத் தந்தைக்கும் இடையே தூரம் அதிகமில்லை.

இவ்விடத்தில் தமிழ் வாசகர்கள் தம்மை நோக்கியும் ஒரு வினாவை எழுப்புதல் வேண்டும். 1990 ஒக்டோபரில் வடமாகாணத்திலிருந்து ஏறத்தாழ எழுபத்தையாயிரம் முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். முல்லைத்தீவின் தண்ணீரூற்று, நீராவிப்பிட்டி போன்ற ஊர்களில் தலைமுறைகளாக வாழ்ந்த குடும்பங்களும் அவர்களுள் அடங்கும். புத்தளத்தின் ஓலைக் குடிசைகளில் ஒரு முழுத் தலைமுறை வளர்ந்தது. அவ்வாழ்க்கையை மையமாகக் கொண்டு உலக அரங்கில் விருது பெற்ற படம் எது? முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டமை பற்றி ஆராய்ந்த பிரஜைகள் ஆணைக்குழு 2011இல் அறிக்கையொன்றை வெளியிட்டது. அதனைத் தமிழர்களில் எத்தனை பேர் வாசித்திருப்போம்? எமது துயரை உலகம் திரையில் காணவில்லை என்று வருந்தும் நாம், அயலவரின் துயரை எமது கதையிலிருந்து வெட்டி நீக்கினால், அதுவும் ஒருவகைத் தணிக்கையே.

அதேவேளை, முள்ளிவாய்க்காலில் மடிந்தவர்கள் அனைவரையும் 1990இன் குற்றத்துக்குப் பொறுப்பாளிகளாகக் கருதும் மனப்போக்கும் ஏற்புடையதன்று. இறுதிக் கட்டத்தில் நாற்பதாயிரம் வரையிலான பொதுமக்கள் உயிரிழந்திருக்கலாம் என 2011இல் ஐ.நா. செயலாளர் நாயகத்தின் நிபுணர் குழு குறிப்பிட்டது. அவர்களுள் 1990இல் பிறந்தே இராத சிறுவர்கள் எத்தனையோ பேர். இரு துயரங்களையும் ஒரே மண்ணின் வரலாறாக அருகருகே வைக்கும்போது எதுவும் சிறுமைப்படுவதில்லை.

செய்யக்கூடியது என்ன? 1994இல் ஏழு ஒஸ்கார் விருதுகளை வென்ற 'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' படத்தின் பின்னர் ஸ்டீவன் ஸ்பீல்பேர்க் நிறுவிய அமைப்பு, யூத இனப்படுகொலையிலிருந்து தப்பியவர்களின் சாட்சியங்களை ஐம்பதாயிரத்துக்கும் அதிகமாகக் காணொளியில் பதிவு செய்தது. அப்படம் பெற்ற விருதுகளை விட இது நீடித்து நிற்கும் பயன். நம்மிடம் ஸ்பீல்பேர்க் இல்லை. ஆனால் 2021இல் தனிப் பல்கலைக்கழகமாகத் தரமுயர்ந்த வவுனியாப் பல்கலைக்கழகம் உண்டு. கிளிநொச்சியில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் பீடங்கள் உண்டு. பள்ளிவாசல்கள், ஆலயங்கள், தேவாலயங்கள், கிராம அபிவிருத்திச் சங்கங்கள் உண்டு. கைத்தொலைபேசியில் குறும்படம் எடுக்கும் இளைஞர்கள் உண்டு. தமிழ், முஸ்லிம் மாணவர்கள் இணைந்து இரு சமூகத்து முதியோரின் வாழ்க்கைக் கதைகளையும் பதிவு செய்யலாம். சொல்பவரின் இசைவு எழுத்தில் பெறப்பட வேண்டும். பெயரை மறைக்கவும், பின்னர் பதிவை மீளப் பெறவும் அவருக்கு உரிமை இருக்க வேண்டும். பதிவின் பிரதியொன்று அவரது குடும்பத்திடம் இருக்க வேண்டும். சாட்சியமளிப்போர் விசாரணைக்கு அழைக்கப்படமாட்டார்கள் என்ற உத்தரவாதத்தை அரசாங்கம் வழங்க வேண்டும். புலம்பெயர் சமூகத்தின் நிதி, படத் தயாரிப்புக்குச் செல்லுமுன் இதற்குச் செல்வது பொருத்தமானது.

வன்னியின் வாழ்க்கை வரலாறு என்றேனும் ஒரு நாள் படமாகும். அது விருதும் பெறலாம். அதை எடுப்பவர் இன்று பள்ளி செல்லும் முல்லைத்தீவுச் சிறுமியாகவோ, புத்தளத்திலிருந்து திரும்பிவந்த குடும்பத்தின் பேரனாகவோ இருக்கக்கூடும். அவர்கள் தேடும்போது கிடைக்கக்கூடியதாகச் சாட்சியங்களைச் சேர்த்து வைப்பது இன்றைய தலைமுறையின் கடமை. சாட்சிகளுக்கு வயதாகிக்கொண்டிருக்கின்றது, இப்பணியை இனியும் ஒத்திவைத்தலாகாது.