சிரித்து மறந்த குரல்



மறைந்த நடிகர் மாரிமுத்துவைப் பற்றிக் கொஞ்சம். தேனி மாவட்டத்துக்காரர். உதவி இயக்குநராகப் பல வருடம் உழைத்து, 2008இல் 'கண்ணும் கண்ணும்' படத்தை இயக்கியவர். 'பரியேறும் பெருமாள்' படத்தில் கதாநாயகியின் அப்பாவாக அடங்கிய குரலில் பேசிக் கலங்கடித்தார். ஆனால் வீடுவீடாக அவரைக் கொண்டுபோய்ச் சேர்த்தது சன் டிவி 'எதிர்நீச்சல்' ஆதி குணசேகரன்தான். 2023 செப்டம்பர் 8 அன்று, அந்தத் தொடருக்கு டப்பிங் பேசப் போனபோது மாரடைப்பு வந்து காலமானார்.

"ஏய், இந்தாம்மா" என்பதை மீம் போட்டுச் சிரித்தோம். படித்த மருமகள்களை அடுப்படியில் முடக்கும் குரல் அது. சினிமா வில்லன் மாதிரி கத்தாமல், நம் வீட்டுப் பெரியவர் பேசுவதுபோலவே பேசினார். அதனால்தான் பெண்கள் திட்டிக்கொண்டே பார்த்தார்கள். குணச்சித்திர நடிகருக்கு இதைவிட என்ன விருது வேண்டும்?

என் வகுப்பில் முதல் மார்க் வாங்கிய பிள்ளைகளை விசாரித்தால், "வீட்டில்தான் இருக்கிறேன், டீச்சர்" என்கிறார்கள் பலர். எல்லாரும் விரும்பியா இருக்கிறார்கள்?

பையன்களே, அந்தக் குரல் உங்கள் வீட்டில் யாருடையது? சிரித்தது போதும், யோசியுங்கள்.