பரணி பாடப்படாத கப்பல்

போர்க்களத்தில் ஆயிரம் யானைகளை வீழ்த்தியவனுக்கே பரணி பாட வேண்டும் என்பது நம் பாட்டியல் நூல்கள் வகுத்த இலக்கணம். அந்தப் படைக்கு நெல்லும் யானைகளுக்குத் தீனியும் சுமந்து சென்றவனுக்குச் சிற்றிலக்கியம் எதுவும் இல்லை. இருபதாம் நூற்றாண்டுக் கடற்போர் வரலாறுகளும் இந்த இலக்கணத்தையே பின்பற்றுகின்றன என்பது என் வருத்தம். சுட்ட கப்பல்கள் அத்தியாயங்களைப் பெறுகின்றன. சுமந்த கப்பல்களுக்கு அடிக்குறிப்பே மிச்சம்.

இதற்குச் சான்று, நியோஷோ என்னும் அமெரிக்கக் கடற்படையின் எண்ணெய்க் கப்பல். கான்சாஸ், ஓக்லஹோமா மாநிலங்களில் ஓடும் ஆற்றின் பெயரைத் தாங்கிய இக்கப்பல், 1939-இல் கடற்படைப் பணியில் சேர்ந்தது. ஏறத்தாழ 1,46,000 பீப்பாய் எண்ணெயைச் சுமக்க வல்லது. 1941 டிசம்பர் 7 அன்று ஜப்பானிய விமானங்கள் பேர்ல் ஹார்பரைத் தாக்கியபோது, போர்க்கப்பல்கள் அணிவகுத்து நின்ற ஃபோர்டு தீவில், விமானப் பெட்ரோல் இறக்கும் துறையில் கட்டப்பட்டிருந்தது. அங்கே அது பற்றியெரிந்திருந்தால் அண்டையிலிருந்த கப்பல்களும் பிழைத்திருக்க மாட்டா. தலைவர் ஜான் பிலிப்ஸ், குண்டுமழைக்கு நடுவே கப்பலைப் பின்னோக்கிச் செலுத்தி வெளியேற்றினார்.

ஐந்து மாதங்கள் கழித்துப் பவளக் கடற்போர். 1942 மே 6 அன்று யார்க்டவுன் என்னும் விமானந்தாங்கிக் கப்பலுக்கு எண்ணெய் வழங்கிவிட்டு, சிம்ஸ் என்ற ஒரே நாசகாரிக் கப்பலின் துணையோடு நியோஷோ ஒதுங்கிச் சென்றது. மறுநாள் ஜப்பானிய உளவு விமானிகள் இவ்விரண்டையும் விமானந்தாங்கி என்றும் குரூசர் என்றும் தவறாக அறிவித்தனர். 78 விமானங்கள் புறப்பட்டு வந்தன. சிம்ஸ் மூழ்கியது. நியோஷோவின் மீது ஏழு குண்டுகள் நேராக விழுந்தன. ஒரு விமானமும் மோதியது.

போர் நூல்கள் பலவற்றில் நியோஷோ ‘விமானந்தாங்கி என்று தவறாகக் கருதப்பட்ட கப்பல்’ என்ற ஒற்றை வரியாக நிற்கிறது. அந்த வரி பொய்யன்று, ஆனால் போதாது. அதே நாளில் அமெரிக்க விமானங்கள் ஷோஹோ என்னும் ஜப்பானிய விமானந்தாங்கியை மூழ்கடித்தன. யார்க்டவுன், லெக்சிங்டன் ஆகியவற்றின்மேல் பாய்ந்திருக்க வேண்டிய படை, அன்று காலை ஓர் எண்ணெய்க் கப்பலின்மேல் செலவழிந்தது. அந்தத் தவற்றின் விலையைக் கொடுத்தவர்கள் யார் என்பதை அவ்வரி சொல்வதில்லை.

கப்பலைக் கைவிட ஆயத்தமாகுமாறு இட்ட ஆணையைக் கைவிடும் ஆணையாகவே கொண்டு பலர் கடலில் குதித்தனர். கொதிகலன் பிரிவைச் சேர்ந்த ஆஸ்கர் பீட்டர்சன், உடல் வெந்த நிலையிலும் நீராவிக் குழாயின் அடைப்பான்களை மூடினார். அக்காயங்களால் உயிர் துறந்தார். பின்னர் அவருக்கு மெடல் ஆஃப் ஆனர் விருது அளிக்கப்பட்டது. வெறுமையான தொட்டிகளே மிதவைகளாக, சிதைந்த கப்பல் நான்கு நாட்கள் அலைந்தது. கப்பலின் இருப்பிடத்தைக் கணித்ததில் நேர்ந்த பிழை அப்படியே வானொலியில் சென்றுவிட்டதால், தேடி வந்தோர் வெற்றுக் கடலையே கண்டனர். மே 11 அன்று ஹென்லி என்னும் நாசகாரி 123 பேரை மீட்டது. பிறகு, மீட்க இயலாத நியோஷோவை அதுவே மூழ்கடித்தது.

அதற்குள், தெப்பங்களில் ஏறிய 68 பேர் வெகுதூரம் அடித்துச் செல்லப்பட்டிருந்தனர். ஒன்பது நாட்களுக்குப் பின் அவர்களைக் கண்டுபிடித்தபோது உயிரோடிருந்தவர்கள் நால்வர். அந்நால்வரிலும் இருவர் பின்னர் இறந்தனர்.

ஒன்றை மட்டும் கேட்கிறேன். கடலில் எண்ணெய் கொடுக்க ஒருவர் இல்லையென்றால் விமானந்தாங்கி எத்தனை நாள் போரிடும்? விடை எல்லோருக்கும் தெரியும். ஜப்பானிய விமானிகளுக்கும் தெரிந்தேயிருக்கும். அவர்கள் கப்பலின் வகையைத்தான் தவறாகக் கண்டார்கள். அதன் மதிப்பைக் குறைத்துக் கண்டவர்கள் பின்னால் வரலாறு எழுதியவர்களே. பரணியின் இலக்கணத்தை மாற்ற நம்மால் இயலாது. வரலாற்றின் இலக்கணத்தையாவது மாற்றலாம். அடுத்த முறை பவளக் கடற்போரைப் பற்றிப் பேசும்போது, அந்தத் தெப்பங்களிலிருந்து தொடங்கலாம்.