சிவப்பு நூல் எழுத்துகள்



கட்டமிட்ட தாள் ஒன்றை எதிரில் விரித்து வைத்துக்கொண்டு, கட்டம் ஒன்றிற்குத் தையல் ஒன்று என எண்ணியெண்ணித் துணியிலே பூவும் கிளியும் எழுப்பும் வேலை, நம் இல்லத்துத் தாய்மார் பலருக்குப் பழக்கமானதே. கிராஸ் ஸ்டிச் என்று அவர்கள் அழைக்கும் அத்தையலுக்கு ஓவியத் திறன் வேண்டுவதில்லை. எண்ணத் தெரிந்தாற் போதும். அந்தக் கட்டத்தாள் எங்கிருந்து வந்தது என்று என்றேனும் எண்ணியதுண்டோ?

19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பெர்லின் நகரத்து அச்சகத்தார் சிலர், மலர்களையும் பறவைகளையும் சிறு கட்டங்களாகப் பிரித்து அச்சிட்டு, கட்டந்தோறும் கையாலேயே வண்ணம் தீட்டி விற்கலாயினர். 1831-இல் இலண்டன் மாநகரின் ரீஜென்ட் தெருவில் வில்க்ஸ் என்னும் வணிகர் அத்தாள்களையும் அவற்றிற்கேற்ற மென்மையான கம்பளி நூலையும் இறக்குமதி செய்யத் தொடங்கினார். ஆறு ஆண்டுகளில் விக்டோரியா அரசியார் அரியணை ஏறினார். அவருடைய காலத்தில் இவ்வேலை இங்கிலாந்தை ஆட்கொண்டது என்றே சொல்ல வேண்டும். 1840-க்குள் 14,000 வடிவங்கள் வெளிவந்துவிட்டன என்று லாம்பர்ட் அம்மையார் 1842-இல் வெளியிட்ட தையற் கைந்நூலில் குறித்திருக்கிறார். நாற்காலி இருக்கை, திண்டு, செருப்பின் மேல்துணி, கணப்பின் முன் நிறுத்தும் திரை என அந்நாட்டு வசதியான வீடுகளில் இக்கம்பளிப் பூக்கள் படராத இடமில்லை. டாவின்சி தீட்டிய இறுதி இராவுணவுக் காட்சியும் கட்டங்களாகி, கம்பளித் தையலாகிச் சுவரேறிற்று. அத்தகைய ஒன்றின் நிழற்படத்தை நான் கண்டதுண்டு. தைத்தவரின் பொறுமையை வியந்தேன்; ஆனால் பேதுரு யார், யூதாசு யார் என்று பிரித்தறியத்தான் இயலவில்லை!

1856-இல் மற்றொரு மாற்றம் நிகழ்ந்தது. வில்லியம் பெர்க்கின் என்னும் 18 வயது இளைஞர், மலேரியாக் காய்ச்சலுக்குரிய கொயினா மருந்தைச் செயற்கையாக ஆக்க முயன்று தோல்வியுற்றார். அத்தோல்வியின் அடியில் அவருக்குக் கிடைத்தது ஓர் ஊதாச் சாயம். அதைத் தொடர்ந்து கண்ணைப் பறிக்கும் செயற்கைச் சாயங்கள் ஒன்றன்பின் ஒன்றாகச் சந்தைக்கு வந்தன. தைப்போரும் அவற்றை அளவின்றி வாரி இறைத்தனர்.

இங்கே ஒரு வேடிக்கை உண்டு. இந்நாளில் விக்டோரியா காலத்து வடிவங்களைத் தேடித் தைப்போர் பலர், வெளுத்த ரோசா, பழுப்பேறிய பச்சை போன்ற அடக்கமான நூல்களையே விரும்பி வாங்குகின்றனர். பழமையின் நிறம் அதுவே என்பது அவர்கள் எண்ணம். ஆனால் அருங்காட்சியகத்துப் பழந்துணியைச் சற்றே புரட்டிப் பின்புறம் நோக்கினால், வெயில் படாத அப்பக்கத்தில் ஊதாவும் பச்சையும் இன்னும் உரக்கக் கூவிக்கொண்டிருக்கும். அக்காலத்து அம்மையார் விரும்பியது அந்தக் கூச்சலை. இக்காலத்தார் விரும்புவது காலம் அதை அடக்கிய அடக்கத்தை.

இவ்வடிவங்கள் மீண்டும் கைக்கு வந்ததன் காரணம் விளங்காததன்று. அவற்றின் பதிப்புரிமை என்றோ முடிந்துவிட்டது, எவரும் படியெடுக்கலாம். நூல்களும் இன்று எண்ணிட்டு விற்கப்படுவதால் நிறம் தேர்வதும் எளிது. நாள் முழுதும் ஓடிக் களைத்தவர்க்கு ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக்கொண்டு அமர்ந்திருப்பதே ஓர் ஓய்வு.

இவை ஒருபுறமிருக்க, என் உள்ளத்தைத் தொட்டது அதே காலத்தின் வேறொரு தையல். அதில் பூக்களின் ஆரவாரம் இல்லை. பெரும்பாலும் நிறமும் ஒன்றே, சிவப்பு.

பிரஷிய நாட்டில் 1805-இல் பிறந்த ஜார்ஜ் முல்லர், இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரில் 1836-இல் அநாதைக் குழந்தைகளுக்கு இல்லம் ஒன்றைத் தொடங்கினார். அவர் நம் திருச்சபையைச் சார்ந்தவரல்லர். ஆயினும் எவரிடமும் பொருள் கேட்பதில்லை, இறைவனிடம் மட்டுமே கேட்பது என்று உறுதிபூண்டு வாழ்ந்தவர். 1849-இல் ஆஷ்லி டவுன் என்னும் மேட்டு நிலத்தில் அவர் எழுப்பிய முதற் கட்டடம், 1870-க்குள் ஐந்து பெருங்கட்டடங்களாயிற்று. ஈராயிரத்திற்கும் மேற்பட்ட பிள்ளைகள் தங்க அங்கே இடமிருந்தது.

அவ்வில்லத்துச் சிறுமியர் வளர்ந்ததும் பெரும்பாலும் வீட்டு வேலைக்கே அனுப்பப்பட்டனர். அதற்கு முன் அவர்கள் தைத்து முடித்தவையே இன்று பிரிஸ்டல் சாம்பிளர் எனப் போற்றப்படும் மாதிரித் துணிகள். நுண்ணிய வெண்துணியில் பெரிதும் சிறிதுமாக அகரவரிசை, மீண்டும் அகரவரிசை, எண்கள், கரைகள், மூலை வளைவுகள், இடைவெளி விடாது சிறு சிறு உருவங்கள். சிலவற்றில் சிறுமியின் பெயரும் உண்டு. அக்காலத்து வீடுகளில் படுக்கை விரிப்பு, துவாலை முதலிய ஒவ்வொன்றிலும் உரிமையாளரின் முதலெழுத்தும் எண்ணும் தைக்கப்பட்டிருக்க வேண்டும். வெளுத்து வரும்போது எண்ணிச் சரிபார்ப்பதற்கு. கொதிநீரில் இட்டாலும் சாயம் போகாததால் சிவப்பு நூல். (நான் குருமடத்தில் பயின்ற நாளில் என் உடைகளிலும் 47 என்று சிவப்பு நூலால் தைத்திருந்தது. ஒருமுறை 41-க்குரிய சட்டை எனக்கு வந்து, ஒரு வாரம் மூச்சுவிட முடியாமல் அலைந்தேன். எழுத்துத் தெளிவாக அமைவதன் அருமை எனக்குத் தெரியும்.)

ஆகவே அச்சிறுமிக்கு அத்துணி அலங்காரமன்று. 'எனக்கு இவ்வேலை தெரியும்' என்று எசமானியிடம் காட்டும் நற்சான்று. எந்த வீட்டில் அவள் விரிப்புகளுக்கு எண்ணிட்டாளோ, அந்த வீட்டுக் கூடத்தில்தான் பெர்லின் கம்பளிப் பூக்கள் மலர்ந்திருந்தன. அவற்றின் தூசி தட்டுவதும் அவள் வேலையே.

அந்தச் சிவப்பு எழுத்துகளை இன்று பல நாட்டுப் பெண்கள் மாதக்கணக்கில் தைத்து, கண்ணாடிச் சட்டமிட்டு மாட்டுகின்றனர். ஓர் அநாதையின் பிழைப்பை நாம் கூடத்துக்கு அழகாக்கலாமா என்று முதலில் என் மனம் உறுத்திற்று. தைப்போர் சிலர் சொல்லக் கேட்டபின் அவ்வுறுத்தல் தணிந்தது. அந்நுண்துணியில் நான்கு எழுத்துத் தைத்ததும் கண் வலிக்கிறது. அச்சிறுமியின் வயது நினைவுக்கு வருகிறது. அத்தோடு அன்றைய வேலையை மூடிவைக்கிறோம் என்கின்றனர். அவளுக்கு மூடிவைக்க இயன்றதா?

பழைய மாதிரித் துணிகளில் பிழைகளும் உண்டு. கட்டத்தைத் தவற எண்ணியதால் ஓர் எழுத்து சாய்ந்திருக்கும். கரையின் இரு முனைகளும் மூலையில் பொருந்தாது நிற்கும். இக்காலத்து மறுபதிப்பு வடிவங்கள் பலவற்றில் அப்பிழைகளையும் அவ்வாறே வரைந்து, திருத்துவதோ விடுவதோ தைப்பவர் விருப்பம் என்று விட்டுவிடுகின்றனர். திருத்தித் தைப்போரும் உளர், குறை கூறுவதற்கில்லை. நானோ திருத்தாதவர் பக்கம். எழுத்தும் கரையும் கிரீடமும் அவளுக்குக் கற்பிக்கப்பட்டவை. நூறு சிறுமியரின் துணிகளிலும் அவை உண்டு. அந்தச் சாய்ந்த எழுத்து மட்டும் அவளுடையது.